மை ப்ளடி வாலண்டைன் சத்தம்: பெடலிலயா, ஆர்மிலயா?

கொட்டாஞ்சேனை ஃபஸ்:
மை ப்ளடி வாலண்டைன் ரொக் குழுவின்ர லவ்லெஸ் இசைத்தட்டை இங்க எல்லாரும் சாமியறையில வைச்சுக் கும்பிடுறீங்கள். எனக்கெண்டா அது காசு செய்த சாதனை. ரெண்டு வருசம், 19 ஸ்ரூடியோ, குழுவின்ர கிட்டார்காரர் கெவின் ஷீல்ட்ஸ் எண்ட ஒரு மனுசன்ர பிடிவாதம். கிட்டாருக்கு மேல கிட்டார் நூறு ட்ராக் அடுக்கி, மேல ரிவேர்ப்பை (எதிரொலி எஃபெக்ட்) ஊத்தினா ஆருக்கும் உது வரும். 1991 நவம்பரில வேற ஆரிட்டையும் அவ்வளவு காசு இருக்கேல்லை, அவ்வளவுதான்.

ஜாஸ்மாஸ்டர் தம்பி:
அண்ணை, நூறு ட்ராக் கதைய முதல்ல விடுங்கோ. சாதாரண ரொக் இசைத்தட்டுகளை விடக் குறைஞ்ச கிட்டார் ட்ராக்தான் அதில இருக்கெண்டு ஷீல்ட்ஸே திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். கனக்கக் கிட்டார் மாதிரிக் கேக்கிறது கையால. ட்ரெமோலோ ஆர்மை (சுருதியை ஏத்தி இறக்கிற கைப்பிடி) உள்ளங்கையில பிடிச்சபடியே ஸ்ட்ரம் பண்ணுறார் (கம்பிகளை ஒண்டா மீட்டுறார்). ஒவ்வொரு அடிக்கும் கோர்ட் (ஒண்டா ஒலிக்கிற சுரக்கூட்டு) முழுக்கச் சுருதி இறங்கி ஏறும். ஆனா ஆறு கம்பியும் ஒரே அளவா இறங்காது. அந்த வித்தியாசத்தில கம்பிகள் ஒண்டோடை ஒண்டு உரசும், அதுதான் உங்களுக்குப் பத்துக் கிட்டாராக் கேக்குது. இதை அவர் பிடிச்சது 1988இல, யூ மேட் மீ ரியலைஸ் இ.பி. (சின்ன இசைத்தட்டு) பதியேக்க, இரவல் ஃபெண்டர் ஜாஸ்மாஸ்டர் கிட்டார் ஒண்டில. 19 ஸ்ரூடியோவுக்கும் முந்தி.

தெஹிவளை வீணை:
தம்பி சொல்வதைக் கர்நாடக இசை கேட்டவர்கள் கமகத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். சுரம் ஓரிடத்தில் நிற்காமல் அசைகிறது. ஆனால் ஒப்பீடு அதற்கு மேல் போகாது. வீணையில் ஒரு சுரத்தை இழுப்பவருக்கு அது எங்கே போய்ச் சேர வேண்டும் என்று தெரியும். இங்கே முழுக் கோர்ட்டும் ஆடுகிறது, சேருமிடம் கிடையாது.

கொட்டாஞ்சேனை ஃபஸ்:
சரி, ஆர்ம் எண்டே வைப்பம். அப்ப யமஹா எஸ்.பி.எக்ஸ். 90 எஃபெக்ட் பெட்டி என்னத்துக்கு? அந்த றிவேர்ஸ் சத்தம், எதிரொலி பின்பக்கமா வீங்கி வாறது, பெட்டி போட்டதுதானே?

ஜாஸ்மாஸ்டர் தம்பி:
பெட்டி இருக்கு, இல்லையெண்டு சொல்லேல்லை. ஆனா றிவேர்ஸ் ரிவேர்ப் கூட நிக்கிறது 1988இல வந்த முந்தின இசைத்தட்டு இஸ்ண்ட் எனிதிங்கில. லவ்லெஸ்ஸின்ர முதல் பாட்டு, ஒன்லி ஷாலோவில, அவர் செய்தது ரெண்டு அம்ப்பை முகத்துக்கு முகம் வைச்சு, ரெண்டிலயும் அம்ப் ட்ரெமோலோவை (ஆர்ம் இல்லை, சத்த அளவைக் கூட்டிக் குறைக்கிறது) வேற வேற வேகத்தில ஓடவிட்டு, நடுவில ஒரு மைக். உதுக்கு நூறு ட்ராக் வேண்டாம். வெள்ளவத்தை ஃப்ளாட்டில செய்தா மேல் மாடிக்காரர் வருவினம், அது வேற பிரச்சினை.

ரிவேர்ப் பெடல் வாங்குற பெடியள் விடுற பிழை மிக்ஸிலதான், அதாவது எஃபெக்ட் சத்தமும் நேரடிச் சத்தமும் கலக்கிற அளவில. றிவேர்ஸ் மோட் போட்டிட்டு மிக்ஸை 50 வீதத்தில விட்டா, நேரடிச் சத்தத்தின்ர அடி முன்னால கேட்டு எல்லாம் கெட்டுப்போம். மிக்ஸ் 100, நேரடிச் சத்தம் பூச்சியம். கிட்டார் டோன் நொப்பை நல்லாக் குறையுங்கோ. நிப்பாட்டாமல் ஸ்ட்ரம் பண்ணுங்கோ, ஒரு வீக்கம் முடிய முந்தி அடுத்தது எழும்ப வேணும். ஃபஸ்ஸுக்கு (சத்தத்தைக் கரகரப்பாக்கிற பெடல்) முன்னால ரிவேர்ப் வைச்சா எல்லாம் ஒரே பாளமா ஒட்டும். பின்னால வைச்சா சுரங்கள் பிரிஞ்சு கேக்கும்.

கம்பி வைத்தியர்:
வாதத்தை நீங்கள் முடியுங்கோ, நான் கிட்டாருக்கு வாறன். மலிவான ஜாஸ்மாஸ்டர் வாங்கி, 9 கம்பி (மெல்லிய தடிப்பு) போட்டு, ஆர்மைப் பிடிச்சுக் குலுக்கிப்போட்டு "சுருதி நிக்குதில்லை" எண்டு அழுறவைக்கு:

அந்தக் கிட்டார் தடிச்ச கம்பிக்கு வடிவமைச்சது. 11 போடுங்கோ, சுருதியைக் குறைச்சு வைக்கிறதெண்டா 12. மெல்லிய கம்பி பிரிட்ஜில (கீழ்ப்பக்கம் கம்பியைத் தாங்கிற பாகம்) அழுத்தம் காணாமல் சேடிலை (அதில கம்பி இருக்கிற வெட்டு) விட்டுத் துள்ளும். அப்பவும் துள்ளினா நெக் அடியில அரைப் பாகையில இருந்து ஒரு பாகை வரை சரிவான ஷிம் (மெல்லிய ஆப்பு) வைச்சு, பிரிட்ஜை உயர்த்துங்கோ. ஃபெண்டர் முஸ்டாங் கிட்டாரின்ர பிரிட்ஜை மாத்தினாலும் நிக்கும்.

பிரிட்ஜ் முன்னும் பின்னும் ஆடுதெண்டு டேப் சுத்தி இறுக்குறவையும் இருக்கினம். அது ஆடத்தான் செய்தது! இறுக்கினா கம்பி சேடிலில உரசி, திரும்பி வரேக்க பழைய இடத்துக்கு வராது. நட் (மேல்பக்கம் கம்பி ஏறுற கட்டை) வெட்டுகளுக்குப் பென்சில் கரி போடுங்கோ. கடற்கரைப் பக்க வீடெண்டா உப்புக் காத்தில கம்பி கறள் பிடிச்சு நட்டில சிக்கும். வாசிச்சு முடிய உலர்ந்த துணியால துடையுங்கோ, பூச்சுப் போட்ட கம்பி வாங்கினா இன்னும் நல்லம்.

ஆர்முக்கும் டேப் சுத்தலாம், ஆனா அது வேற வேலைக்கு. ஷீல்ட்ஸ் டேப் சுத்தி ஆர்மை வழமையை விட வெளியால நிக்க வைக்கிறவர், ஸ்ட்ரம் பண்ணுற கைக்கு எட்டுறதுக்காக. ஸ்ட்ராட்டில (ஃபெண்டர் ஸ்ட்ராட்டோகாஸ்டர்) முயற்சி செய்தா ஒரு சின்ன அசைவுக்கே சுருதி கனக்க விழும். அது குடிகாரச் சத்தம், ஷீல்ட்ஸின்ர கிளைட் (வழுக்குற சுருதி) இல்லை.

இன்னொண்டு. ஜப்பானில இருந்து வாற எஸ்.பி.எக்ஸ். மாதிரிப் பழைய ராக் பெட்டிகள் 100 வோல்ட். எங்கட 230 வோல்ட்டில நேர குத்தினா அங்கயே முடிஞ்சுது. புறக்கோட்டை முதலாம் குறுக்குத் தெருவில ஸ்டெப்-டவுன் (வோல்ட்டைக் குறைக்கிற ட்ரான்ஸ்ஃபோமர்) கேக்கேக்க 110 தான் முதல்ல நீட்டுவினம். பத்து வீதம் கூடின வோல்ட்டேஜில ரெகுலேட்டர் சூடேறிக்கொண்டே இருக்கும். 100 எண்டு கேட்டு வாங்குங்கோ.

கொட்டாஞ்சேனை ஃபஸ்:
வைத்தியருக்கு நன்றி. ஆனா என்ர காசுக் கதைக்கு ஒருத்தரும் பதில் சொல்லேல்லை. இரண்டரை லட்சம் பவுண்ஸ் செலவழிச்சு தங்கட இசைத்தட்டு நிறுவனம் கிரியேஷன் ரெக்கோர்ட்ஸை வங்குரோத்தாக்கினவை தானே இவை?

தெஹிவளை வீணை:
இரண்டரை லட்சம் என்பது ஊர்க்கதை. ஷீல்ட்ஸ் அதை மறுத்தே வந்திருக்கிறார். கிரியேஷன் திணறியது உண்மை, அதன் தலைவர் அலன் மெக்கீ இந்தக் குழுவை வெளியே அனுப்பியதும் உண்மை. ஆனால் நிறுவனம் சாகவில்லை. 1992இல் பாதிக்குச் சற்றுக் குறைவான பங்கை சோனி வாங்கியது, அடுத்த வருடம் ஒயேசிஸ் குழு வந்தது, 1999 வரை இயங்கியது. லவ்லெஸ் பிரித்தானிய விற்பனைப் பட்டியலில் 24ஆம் இடம் வரைதான் ஏறியது. அந்தச் செலவுக்கு அது நட்டக் கணக்கு என்று சொல்லுங்கள், ஒப்புக்கொள்கிறேன். வங்குரோத்து என்று சொல்லாதீர்கள்.

காசு சத்தத்தைச் செய்யும் என்பதற்கும் இந்தக் குழுவின் வரலாறே எதிர்ச்சாட்சி. 1992இல் ஐலண்ட் நிறுவனம் ஒப்பந்தம் போட்டு, லண்டனில் சொந்த ஸ்ரூடியோவே அமைத்தார்கள். அங்கிருந்து ஒரு முழு இசைத்தட்டும் ஐலண்டுக்குப் போகவில்லை. அடுத்த இசைத்தட்டு 2013 பெப்ரவரி 2இல், நிறுவனமே இல்லாமல் சொந்த இணையத்தளத்தில் வந்தது. தளம் அன்றிரவே படுத்துவிட்டது.

கொட்டாஞ்சேனை ஃபஸ்:
அப்ப குழுவெண்டு சொல்லாதேங்கோ. பேஸ்காரி டெபி கூஜ் பெயர் லவ்லெஸ் அட்டையில இருக்கு, பேஸ் வாசிச்சது ஷீல்ட்ஸ். ட்ரம்ஸ் பெரும்பாலும் சாம்ப்ளர் (பதிஞ்ச சத்தத்தைத் திருப்பி வாசிக்கிற கருவி).

ஜாஸ்மாஸ்டர் தம்பி:
சாம்ப்ளருக்குள்ள போனது ஆற்ற அடி? ட்ரம்ஸ்காரர் கொலம் ஓ கீசோக் வாசிச்சதைத்தான் வெட்டி அடுக்கினவை, அவர் அந்த நேரம் உடம்பு சரியில்லாமல் இருந்தவர். லவ்லெஸ்ஸில டச்ட் எண்ட துண்டு முழுக்க அவருடையது. குழுவின்ர பாடகி பிலிண்டா புட்சர் வரிகளில ஒரு பங்கும் எழுதி, பாடவும் செய்தவ. அந்தக் குரலைக் கிட்டாருக்கு மேல ஏத்தாமல் சமமாப் புதைச்சு வைச்சபடியாத்தான் எது குரல், எது கிட்டார் எண்டு பிடிபடாமல் கிடக்கு. அதை எடுத்திட்டு வெறும் கிட்டாரைக் கேட்டுப் பாருங்கோ, பாதிதான் மிஞ்சும்.

கொட்டாஞ்சேனை ஃபஸ்:
டெபி கூஜுக்குப் பதில் வரேல்லை.

கம்பி வைத்தியர்:
மேடையில அவதான் பேஸ். யூ மேட் மீ ரியலைஸின்ர நடுவில ஒரே கோர்ட்டை இருபது நிமிசம் வரைக்கும் இழுக்கேக்க, 2008இல வாசலில காது அடைப்பான் குடுத்துத்தான் சனத்தை உள்ள விட்டவை. ஒத்திகையில உதைச் செய்து பாக்கிறவை நுரை அடைப்பானை உருட்டி, காதை மேல இழுத்து உள்ள விட்டு, அது விரியும் வரைக்கும் விரலால பிடியுங்கோ. அரைகுறையாச் செருகினா ஒரு பிரயோசனமும் இல்லை.