சங்கிலி ரம்பத்தின் கார்புரேட்டரைக் கழற்றும்போது எதில் கவனம் தேவை?

கேள்வி: கிராஞ்சித் தோட்டம்

வணக்கம். மழைக்காலத்தில் முறிந்து விழும் கிளைகளை அறுக்க நாங்கள் பயன்படுத்தும் டூ ஸ்ட்ரோக் சங்கிலி ரம்பம், சில மாதங்கள் பெட்ரோலுடன் கிடப்பில் இருந்தபின், சோக் போட்டால் மட்டுமே ஓடுகிறது. சோக்கைத் திறந்தால் உடனே நின்றுவிடுகிறது. கார்புரேட்டரைக் கழற்றிச் சுத்தம் செய்யலாம் என்றிருக்கிறேன். அனுபவமுள்ளவர்கள் வழிகாட்டுங்கள்.

பதில்: பட்டறைக்காரர்

இது எரிபொருள் போதுமான அளவு வராததன் அறிகுறி. எனவே முதலில் டேங்கினுள் கிடக்கும் சிறு வடிகட்டியை மாற்றிப் பாருங்கள். பல ரம்பங்கள் அதோடு சரியாகிவிடும். சரியாகாவிட்டால், இயந்திரம் நன்றாக ஆறிய பிறகு டேங்கைக் காலி செய்து, ஸ்பார்க் பிளக்கின் இணைப்பைக் கழற்றிவிடுங்கள். பெட்ரோல் ஆவி பரவும் என்பதால் இந்த வேலையை வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டின் சமையலறையில் செய்யவே வேண்டாம்.

மேல்மூடியைத் திறக்கும் முன் சோக்கை மூடிவிட்டு மரத்தூளைத் துடைத்தால், தூள் உள்ளே விழாது. காற்று வடிகட்டியை எடுத்ததும், பெரும்பாலான மாடல்களில் கார்புரேட்டரைப் பிடித்திருக்கும் இரண்டு நட்டுகள் தெரியும். அவற்றைக் கழற்றி, கார்புரேட்டரை மெதுவாக வெளியே இழுத்தபடியே த்ராட்டில் கம்பியையும் சோக் கம்பியையும் விடுவியுங்கள். எரிபொருள் குழாயைக் குறடால் இறுக்கி இழுக்காதீர்கள், பழைய ரப்பர் கிழிந்துவிடும். ஒவ்வொரு கட்டத்தையும் கைபேசியில் படமெடுத்துக்கொள்ளுங்கள்.

பதில்: மரம் வெட்டும் குழு

கழற்றுவது எளிது, கார்புரேட்டர் பொருந்தும் இடத்தில் காற்றுக் கசியாமல் அடைக்கும் மெல்லிய தகடான கேஸ்கெட்டில்தான் ரம்பத்தின் ஆயுள் இருக்கிறது. கார்புரேட்டரில் உள்ள பம்பின் சவ்வை அசைப்பது கிராங்க் கேஸில் (பிஸ்டனுக்குக் கீழுள்ள அறையில்) ஏறி இறங்கும் அழுத்தம்தான். கேஸ்கெட்டைத் தலைகீழாக வைத்தால் அந்த அழுத்தம் வரும் சிறு துளை அடைபட்டு, பெட்ரோலே ஏறாமல் போகலாம். கேஸ்கெட் கிழிந்திருந்தாலோ, அதைவிட மோசம்: வெளிக்காற்று புகுந்து, பெட்ரோலும் அதில் கலந்த எண்ணெயும் குறைய, பிஸ்டன் சூடேறி சிலிண்டரோடு இறுகிவிடும். ஆகவே அது எந்த வரிசையில், எந்தப் பக்கமாக இருந்தது என்பதைத் தவறாமல் குறித்துக்கொள்ளுங்கள்.

பெட்ரோல் அளவைச் சரிசெய்யும் எல் (L), எச் (H) திருகுகளை வெளியே எடுக்கும் முன், வலப்புறமாக மென்மையாக முட்டும்வரை எத்தனை சுற்று என எண்ணி எழுதிவையுங்கள். நுண்துளைகளில் கம்பியை விடவே வேண்டாம். துளை பெரிதானால் கார்புரேட்டர் வீண்தான். சவ்வுகளை அகற்றிய பின்னரே அழுத்தக் காற்றைச் செலுத்துங்கள்.

கிராஞ்சித் தோட்டம்

இருவருக்கும் மிக்க நன்றி. சவ்வு விறைத்திருந்தால் அதை மட்டும் மாற்றினால் போதுமா?

பதில்: பட்டறைக்காரர்

கேஸ்கெட்டுகளும் சேர்ந்த முழு கிட்டையே மாற்றுங்கள். கடையில் ரம்பத்தின் பெயரை மட்டும் சொல்லாமல், கார்புரேட்டரின் உடலில் பொறித்திருக்கும் எண்ணையும் சொல்லுங்கள். ஒரே மாடலில் வெவ்வேறு கார்புரேட்டர்கள் வருவதுண்டு.