பார்வையற்ற இசைக்கலைஞருக்குக் கோலாலம்பூரில் முழுநேரத் தொழில் அமையுமா?

செந்தூல் பாடகி:

அனைவருக்கும் வணக்கம். பிறவியிலேயே எனக்குப் பார்வை கிடையாது. கர்நாடக இசையை ஓர் ஆசிரியையிடம் முறையாகப் பயின்றேன். பள்ளிக்காலத்தில் தொடங்கிய கீபோர்டும் இன்று மேடையில் துணிந்து வாசிக்கும் அளவுக்குக் கைவந்திருக்கிறது. பகலில் தொலைபேசிச் சேவை மையமொன்றில் வேலை பார்க்கிறேன். அதை விட்டுவிட்டு இசையையே முழுநேரத் தொழிலாக்கிக்கொள்ள இந்த ஊரில் வழி உண்டா என்பது என் முதற்கேள்வி.

எனக்கு மேடை கிடைக்காமல் இல்லை. அக்டோபர் 15 வெள்ளைக் கைத்தடி நாள், டிசம்பர் 3 அனைத்துலக மாற்றுத்திறனாளிகள் நாள், இடையில் வரும் நிதி திரட்டும் விருந்துகள் என ஆண்டின் கடைசி மாதங்களில் அழைப்புகள் குவிகின்றன. மற்ற மாதங்களில் கல்யாண விருந்துக்கோ பொங்கல் கலைநிகழ்ச்சிக்கோ என்னை அழைக்க யாருக்கும் தோன்றுவதில்லை. "கண்ணைப் பறித்த கடவுள் குரலைக் கொடுத்தார்" என்று அறிவிப்பாளர் உருகிவிட்டுப் போன பிறகு நான் பாடுவது கல்யாணி ராகமா காம்போதி ராகமா என்பதைக் கவனிக்க யாருக்கும் மனம் இருப்பதில்லை. முடிவில் ஒரு பொன்னாடையும் பழக்கூடையும் கிடைக்கும். ஊதியத்தைப் பற்றிக் கேட்டால் நன்றி கெட்டவள் என்ற பார்வை விழுமென்று உடன் வருபவர்கள் எச்சரிக்கிறார்கள்.

அண்மையில் நியூயார்க்கைச் சேர்ந்த லாச்சி என்ற பாடகியைப் பற்றி அறிந்தேன். பார்வைக்குறைபாடு உள்ள அவர், மாற்றுத்திறனாளி இசைக்கலைஞர்களை ஒன்றுதிரட்டி 2022ஆம் ஆண்டில் ராம்ப்ட் என்ற அமைப்பைத் தொடங்கினார். கிராமி விருது விழாவின் அமைப்பாளர்களோடு பேசி, மேடைக்குச் சாய்தளமும் வரவேற்பு நிகழ்வில் சைகைமொழிபெயர்ப்பாளர்களும் இடம்பெற அந்த அமைப்பு உதவியது. தம் கைத்தடியை மறைக்காமல், மணிகள் பதித்து ஆடைக்கு ஏற்ற அணிகலன் போலவே அவர் ஏந்தி வருகிறாராம். அவரைப் போல உரிமையைப் பற்றி வெளிப்படையாகப் பேசினால் இங்கே வாய்ப்புகள் பெருகுமா, அல்லது இருப்பதும் போய்விடுமா? இது என் இரண்டாவது கேள்வி.

பினாங்கு ஆர்மோனியம்:

அன்புத் தங்கைக்கு வணக்கம். நானும் பார்வையற்றவன்தான். ஜார்ஜ்டவுனில் நெடுங்காலம் இசை கற்பித்து ஓய்வுபெற்றவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

நம் மரபில் பார்வையற்ற கலைஞர் என்றதும் இரக்கத்தைத் தேடி ஓட வேண்டியதில்லை. கும்பகோணம் சரப சாஸ்திரிகள் (1872–1904) பார்வையற்றவர். கர்நாடக இசையில் புல்லாங்குழலைத் தனிக்கச்சேரிக்குரிய வாத்தியமாக நிலைநாட்டிய பெருமை அவரையே சேரும். பல்லடம் சஞ்சீவ ராவ் அவரிடம் பயின்றவர். அந்த வாத்தியத்தின் வரலாற்றை எழுதுகிறவர்கள் அவரை முதல் பக்கத்தில் வைப்பதற்குக் காரணம் அவருடைய வாசிப்பே.

ஆனால் கேள்வி ஞானத்தை மட்டும் நம்பித் தொழிலில் இறங்க வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. பாடலை ஒருமுறை கேட்டுப் பிடித்துக்கொள்ளும் திறமையைப் பாராட்டுகிறவர்கள், புதிய பாடலின் தாளை அந்த இடத்திலேயே நீட்டும் பதிவுக்கூடத்திற்கு உங்களை அழைக்கத் தயங்குவார்கள். எனவே பிரெய்ல் இசைக்குறியீட்டைக் கற்றுக்கொள்ளுங்கள். பாரிஸ் தேவாலயங்களில் ஆர்கன் வாசித்த லூயி பிரெய்ல், 1829இல் தம் முறையை வெளியிட்டபோதே அதில் இசையையும் சேர்த்திருந்தார். ஆறு புள்ளிக் கட்டத்தில் மேல் நான்கு புள்ளிகள் எந்தச் சுரம் என்பதையும், கீழ் இரண்டு புள்ளிகள் அது எவ்வளவு நேரம் ஒலிக்க வேண்டும் என்பதையும் காட்டும். கீபோர்ட் வாசிப்பவர் ஒரு கையால் படித்து மறு கையால் வாசித்து, பின்னர் இரண்டையும் மனத்தில் இணைத்தாக வேண்டும் என்பதால் அது பொறுமையைச் சோதிக்கும் வேலை. பாடகருக்கோ இரு கைகளும் ஓய்வாக இருப்பதால் விரலால் படித்தபடியே பாடலாம். உங்களுக்கு இது பெரிய வசதி.

கர்நாடக இசைக்கு இன்னும் எளிய வழி உண்டு. ச ரி க ம என்ற எழுத்துகளைத் தமிழ் பிரெய்லிலேயே எழுதிவிடலாம். அச்சில் மேல்ஸ்தாயிக்கும் கீழ்ஸ்தாயிக்கும் எழுத்தின் தலையிலும் காலிலும் இடும் புள்ளியைப் பிரெய்லில் இட முடியாது. அந்த எழுத்துக்கு முன்னால் ஒரு தனிக்குறி வைத்துக்கொள்ள வேண்டும், அவ்வளவே. நான் என் மாணவர்களோடு அப்படித்தான் குறியீடு வகுத்துக்கொண்டேன்.

சான்றிதழும் தேவை. பிரிட்டனின் இசைத் தேர்வு வாரியமான ஏபிஆர்எஸ்எம் நடத்தி, நம் நாட்டில் பலரும் எழுதும் தேர்வுகளில், பார்த்தவுடன் வாசிக்கும் பகுதிக்குப் பதிலாகப் பார்வையற்றவர்களுக்கு மாற்றுத் தேர்வும் கூடுதல் நேரமும் தருகிறார்கள். விண்ணப்பத்தோடு சேர்த்தே அதைக் கேட்டுவிட வேண்டும்.

கெப்போங் இசைக்குழு:

சகோதரி, நான் கல்யாண விருந்துகளுக்கு இசைக்குழு நடத்துகிறேன். கசப்பாக இருந்தாலும் உள்ளதைச் சொல்கிறேன்.

உரிமைப் பேச்சை முதலில் வைக்காதீர்கள். பார்வையற்ற அமெரிக்கப் பாடகர் ஸ்டீவி வொண்டர் 2016 கிராமி மேடையில் பிரெய்லில் எழுதிய உறையைப் பிரித்து, மற்றவர்களால் அதைப் படிக்க முடியாதே என்று கேலி செய்தபின், எல்லாமே மாற்றுத்திறனாளிகளுக்கும் எட்டும்படி இருக்க வேண்டும் என்றார். உலகமே கைதட்டியது. அவர் மோட்டவுன் இசைப்பதிவு நிறுவனத்தில் 11 வயதில், 1961இலேயே ஒப்பந்தமானவர். அரை நூற்றாண்டுப் புகழுக்குப் பின் பேசியதற்கு அந்த மதிப்பு. நமக்கு அடுத்த மாதக் கச்சேரியே உறுதியில்லை.

என் தயக்கம் உங்கள் திறமையைப் பற்றியதன்று. மேடையில் நாங்கள் கண்ணால்தான் பேசிக்கொள்கிறோம். மணமக்கள் நுழையத் தாமதமானால் பல்லவியை இன்னொரு முறை சுற்றுவோம். விருந்தினர் ஆட எழுந்தால் சரணத்தை விட்டுவிட்டுத் தாளத்துக்குத் தாவுவோம். நான் கையை உயர்த்தினால் முடிப்பு. இதையெல்லாம் பார்க்க முடியாதவரோடு எப்படிச் சமாளிப்பது என்று எனக்குத் தெரியாததால்தான் அழைத்ததில்லை. என்னைப் போன்ற பலரும் இப்படித்தான் இருப்பார்கள். வாடிக்கையாளர் சங்கடப்படுவார் என்று சொல்வதெல்லாம் பெரும்பாலும் சாக்கு.

கலவைப்பலகை:

கெப்போங் அண்ணன் சொன்ன சிக்கலுக்குத் தீர்வு அவருடைய வண்டியிலேயே இருக்கக்கூடும். நான் ஒலியமைப்பு வேலை செய்கிறேன். குழுத்தலைவருக்கு முன்னால் மிதிசுவிட்ச் பொருத்திய ஒரு மைக்கை வைத்து, அதன் ஒலியை அரங்கின் ஸ்பீக்கர்களுக்கு அனுப்பாமல் கலைஞர்கள் காதுக்குள் பொருத்தியிருக்கும் இன்-இயர் என்ற சிறு ஒலிக்கருவிக்கு மட்டும் அனுப்பினால் போதும். "பல்லவி மறுபடி", "நாலு எண்ணி முடி" என்று அவர் காலால் அழுத்திச் சொல்வது கூட்டத்துக்குக் கேட்காது. பார்வையுள்ள டிரம்மர்களே பெரிய மேடைகளில் இதைத்தான் கேட்டு வாங்குகிறார்கள், ஏனென்றால் புகையும் விளக்கும் போட்டபின் தலைவரின் கையை அவர்களாலும் பார்க்க முடிவதில்லை.

மற்றவையும் சிறு வேலைகள்தான். மேடை விளிம்பிலிருந்து ஓரடி உள்ளே, தரையில் மெல்லிய கயிற்றை வைத்து அதன்மேல் துணி டேப் ஒட்டினால் கால் விரலுக்கு எல்லை தெரியும். ஒலிச்சோதனை முடிந்தபின் மைக் தாங்கியையோ கீபோர்டையோ யாரும் ஓர் அங்குலம்கூட நகர்த்தக் கூடாது. இதைச் சொல்லாமல் விட்டால் அலங்காரக்காரர் பூந்தொட்டியைக் கொண்டுவந்து நடுவில் வைத்துவிடுவார். நான் கண்ணால் கண்டிருக்கிறேன்.

ஒத்திகைக்கு முன்னால்தான் உண்மையான தடை. பாடல் பட்டியலையும், பக்கவாத்தியத்துக்கான சுரக்கூட்டுகளையும் (chords) ஒருவர் நோட்டில் எழுதி, நள்ளிரவில் படமெடுத்து வாட்ஸ்அப்பில் போடுகிறார். திரையில் உள்ள எழுத்தைக் குரலில் படித்துக்காட்டும் மென்பொருளான திரைவாசிப்பான், அந்தக் கையெழுத்துப் படத்தைப் பெரும்பாலும் "படம்" என்று மட்டும் சொல்லி நின்றுவிடும். பழைய பாமினி எழுத்துருவில் தட்டிய பாடல் வரிகள் வந்தால் அதைவிட மோசம், பொருளற்ற ஆங்கில எழுத்துகளாக வாசிக்கும். யூனிகோடு தமிழில் தட்டி அனுப்புங்கள், இல்லையேல் குரல்பதிவாகச் சொல்லிவிடுங்கள். செலவு ஒரு காசும் இல்லை.

வீட்டிலிருந்தே பதிவு வேலை செய்ய விரும்பினால், இலவசத் திரைவாசிப்பானான என்விடிஏவோடு ரீப்பர் என்ற ஒலிப்பதிவு மென்பொருளையும், பார்வையற்றவர்களுக்காக எழுதப்பட்ட ஒசாரா என்ற இணைப்பையும் நிறுவுங்கள். கணினியின் விசைப்பலகையை மட்டும் கொண்டு பல தடங்களைப் பதிவுசெய்து, வெட்டி, கலவை செய்து முடிக்கலாம். விளம்பரப் பாட்டுக்கும் பக்திப் பாடல் தொகுப்புக்கும் பின்குரல் தேடுகிறவர்களுக்குக் கோப்பு ஒழுங்காக வந்துசேர வேண்டும் என்பதுதான் கவலை. முழுநேரத் தொழிலுக்கு மேடையைவிட இந்த வருமானமே நிலையானது என்பேன்.

பிரிக்ஃபீல்ட்ஸ் வாசகர்:

இரண்டாவது கேள்விக்குச் சட்டத்தின் பக்கமிருந்து பதில் சொல்லப் பார்க்கிறேன். நம் நாட்டின் மாற்றுத்திறனாளிகள் சட்டம் 2008ஆம் ஆண்டில் வந்தது. பண்பாட்டு வாழ்வில் பங்குபெறும் உரிமையை அது பேசுகிறது. ஆனால் அந்த உரிமையை மறுப்பவருக்குத் தண்டனை எதையும் விதிக்கவில்லை. ஐக்கிய நாடுகளின் மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கையை மலேசியா 2010இல் ஏற்றபோது, பண்பாட்டு வாழ்வு குறித்த 30ஆம் பிரிவு உள்நாட்டுச் சட்டத்துக்கு உட்பட்டது என்று ஓர் அறிவிப்பையும் சேர்த்தே கொடுத்தது. ஆகவே இந்தச் சட்டத்தைக் காட்டி ஒரு விருந்து மண்டபத்தையோ ஏற்பாட்டாளரையோ பணியவைக்க முடியும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

பயன்படக்கூடியது வேறொன்று. 2013இல் உருவான மராகேஷ் ஒப்பந்தத்தில் மலேசியா 2022இல் சேர்ந்தது. அச்சிட்டதைப் படிக்க இயலாதவர்களுக்காக, அங்கீகரிக்கப்பட்ட அமைப்புகள் பதிப்புரிமையாளரின் அனுமதியைக் கேட்காமலே நூல்களைப் பிரெய்லுக்கும் பிற வடிவங்களுக்கும் மாற்றலாம், அந்தப் பிரதிகளை நாடுகளுக்கிடையே பகிரலாம் என்பது அதன் சாரம். அதில் இசைக்குறியீடும் அடங்கும் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. இந்த ஒப்பந்தத்துக்காகக் குரல் கொடுத்தவர்களில் ஸ்டீவி வொண்டரும் ஒருவர். அது நிறைவேறியபோது மராகேஷ் நகருக்கே சென்று பாடினார். எனவே அவருடைய பேச்சு கைதட்டலோடு நின்றுவிட்டது என்று கெப்போங் அன்பர் எண்ண வேண்டாம். இங்கே ஜாலான் தெபிங்கில் உள்ள மலேசியப் பார்வையற்றோர் சங்கத்தையும் பினாங்கில் உள்ள செயின்ட் நிக்கலஸ் இல்லத்தையும் அணுகி, இசைத்தாள்களைப் பெற என்ன செய்ய வேண்டும் என்று கேட்டுப்பாருங்கள்.

சட்டத்தால் முடியாததை ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்ளலாம். வெளிநாட்டுக் கலைஞர்கள் இதை அக்செஸ் ரைடர் என்கிறார்கள். தமக்கு மேடையில், ஒத்திகையில், பயணத்தில் எவை தேவை என்பதை ஒரே பக்கத்தில் எழுதி, ஊதியம் பேசும்போதே கொடுத்துவிடுவது. உரிமைப் பேச்சு வேண்டாம் என்று சொல்கிற அதே ஏற்பாட்டாளர், இதைக் குடிநீரும் சைவச் சாப்பாடும் கேட்கும் பட்டியலைப் போலச் சாதாரணமாகக் கையெழுத்திட்டு வாங்கிக்கொள்வார்.

செந்தூல் பாடகி:

எல்லோருக்கும் என் நன்றி. கெப்போங் அண்ணனின் ஒளிவுமறைவற்ற பதில்தான் எனக்கு மிகவும் பயன்பட்டது, ஏனென்றால் இதுவரை எந்தக் குழுத்தலைவரும் காரணத்தை என்னிடம் சொன்னதில்லை. ஆனால் பேச்சைப் பின்னால் வைக்கச் சொன்னதை ஏற்க மனம் வரவில்லை. புகழ் வந்த பிறகு பேசலாம் என்று காத்திருந்தால், புகழ் வருவதற்கான மேடையே அந்தப் பேச்சுக்குப் பின்னால்தான் இருக்கிறது. புக்கிட் பிந்தாங் தெருவோரம் பாடத் தொடங்கிய காலிஃப் பஸ்கர்ஸ் குழுவினர், அனுகேரா ஜுவாரா லாகு என்ற மலாய்ப் பாடல் போட்டியின் இறுதிச்சுற்று வரை வந்தார்கள். பெரும்பாலும் பார்வையற்றவர்களைக் கொண்ட அந்தக் குழு அங்கே ஒரு பாடலோடு போட்டியில் நின்றது. நம் தமிழ் நிகழ்ச்சிகளிலும் அப்படியொரு வரிசையில் நிற்கவே நான் கேட்கிறேன்.

ரைடரை எழுதத் தொடங்கிவிட்டேன். யூனிகோடில் பாடல் பட்டியல், நகர்த்தாத மைக், விளிம்புக் கயிறு, காதில் குழுத்தலைவரின் குரல், அறிவிப்பாளர் என் பெயரையும் நான் பாடப்போகும் பாடலையும் மட்டும் சொல்ல வேண்டும் என்ற நிபந்தனை. உடன் வருபவரின் பயணச் செலவை ஏற்பாட்டாளரிடம் கேட்பதா, நானே ஏற்பதா என்பதில்தான் தயங்குகிறேன்.

கெப்போங் இசைக்குழு:

கேளுங்கள் சகோதரி. டிரம்ஸ் ஏற்றிவரும் லோரிக்கு வாடிக்கையாளரிடம் தனியாக வாங்குகிறேன். அதை யாரும் சலுகை என்று சொன்னதில்லை. ஊதியத் தொகைக்குக் கீழே தனி வரியாக எழுதுங்கள், உள்ளே சேர்த்து எழுதினால் பேரம் பேசும்போது அதைத்தான் முதலில் வெட்டுவார்கள்.

அந்த மிதிசுவிட்ச் மைக்கைத் தம்பி சொன்னபடி பொருத்திப் பார்க்க எண்ணியிருக்கிறேன். ஒத்திகையொன்றுக்கு நீங்கள் வர முடியுமானால் தனிச்செய்தியில் தெரிவியுங்கள். பாடல் பட்டியலை யூனிகோடில் தட்ட என் மகளிடம் சொல்லிவிட்டேன். ஒத்திகைக்கும் நான் எல்லோருக்கும் கொடுக்கும் தொகையே உங்களுக்கும்.