1992 தாமிரபரணி வெள்ளம்: பழைய காட்சிகளை எங்கே தேடுவது?

பொருநைக்கரை:
வணக்கம். 1992 நவம்பரில் தாமிரபரணியில் வந்த வெள்ளத்தைப் பற்றி அரை மணி நேர ஆவணப்படம் எடுத்து வருகிறோம். அம்பாசமுத்திரம், கல்லிடைக்குறிச்சி பகுதிகளில் பேட்டிகள் முடிந்துவிட்டன. அன்றைய காட்சிகள்தாம் கையில் இல்லை. யூடியூபில் கிடைப்பவற்றைப் பயன்படுத்தலாமா? முறையாக வாங்க யாரை அணுகுவது?

படத்தொகுப்பு மேசை:
யூடியூபில் ஏற்றியவர் பெரும்பாலும் உரிமையாளர் அல்லர். அவர் தரும் அனுமதி செல்லாது. தலைப்பில் உள்ள ஆண்டையும் நம்பிவிட வேண்டாம். திருநெல்வேலியில் ஆற்றுக்குள்ளேயே இருக்கும் குறுக்குத்துறை முருகன் கோயில் எந்தப் பெருவெள்ளத்திலும் மூழ்கும் என்பதால் அதைக் கொண்டு ஆண்டைத் தீர்மானிக்க முடியாது. அங்குள்ள சுலோசன முதலியார் பாலத்தை ஒட்டிப் பிற்காலத்தில் கட்டிய இன்னொரு பாலம் தெரிந்தால் அது 1992ஆக இருக்க முடியாது, 2023 டிசம்பர் வெள்ளமாக இருக்கலாம்.

ஆவணத் தேடல்:
சன் டிவி தொடங்கியதே 1993 ஏப்ரலில்தான் என்பதால், முதலில் எழுத வேண்டியது சென்னைத் தூர்தர்ஷனுக்கு. பொத்தாம்பொதுவாக 'வெள்ளக் காட்சிகள்' என்று கேட்காமல், நாளையும் ஊரையும் குறிப்பிட்டுக் கேளுங்கள். திரையில் நேரக்குறியீடு (காட்சியின் நேரத்தைக் காட்டும் எண்கள்) ஓடும் மாதிரிப் பிரதியை வைத்துத் தொகுத்து முடித்துவிட்டு, படத்தில் இடம்பெறும் நீளத்துக்கு மட்டும் உரிமை வாங்குவதே வழக்கம். திரைப்பட விழாக்களுக்கு மட்டும் என்றால் செலவு குறையும். ஆனால், பின்னால் ஓடிடிக்குப் போனால் எவ்வளவு என்பதையும் இப்போதே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள், படம் விலைபோன பிறகு அவர்கள் சொல்வதுதான் விலை.

வி.எச்.எஸ். காலத்தவன்:
அண்ணாச்சி, கல்யாண வீடியோக்காரர்களை விட்டுவிட்டீர்களே! அன்று நம் ஊர்களில் கேமரா வைத்திருந்தவர்கள் பெரும்பாலும் அவர்கள்தாம்; அதுவும் ஐப்பசி முகூர்த்த நேரம். அம்பை (அம்பாசமுத்திரம்) முதல் ஏரல் வரை பழைய ஸ்டூடியோக்களில் விசாரியுங்கள். கேசட்டில் வெள்ளைப் பூஞ்சை தெரிந்தால் போட்டுப் பார்க்கவே கூடாது. நாடா அறுந்துபோகலாம், கேசட்டை ஓட்டும் வி.சி.ஆரில் நாடாவைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டும் பூஞ்சை அடுத்த கேசட்டுக்கும் பரவும். சுத்தம் செய்த பிறகே கணினிக்கு மாற்ற வேண்டும். பழைய டிவியின் 4:3 சட்டகத்தை அகலத்திரைக்காக இழுத்துவிடாதீர்கள். ஆட்கள் எல்லாம் குண்டாகிவிடுவார்கள்.

பொருநைக்கரை:
மிக்க நன்றி. எடுத்தவர் காலமாகியிருந்தால் யாரிடம் கையெழுத்து வாங்குவது?

ஆவணத் தேடல்:
தாமாகவே வெள்ளத்தை எடுத்திருந்தால் உரிமை அவருடைய வாரிசுகள் அனைவருக்கும் உரியது. இப்போது கடையை நடத்தும் மகன் ஒருவரின் கையெழுத்து போதாது. கல்யாண கேசட்டின் நடுவே வெள்ளம் பதிவாகியிருந்தால், 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவின்படி, வேறு ஒப்பந்தம் இல்லாத நிலையில், பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர். அந்தக் கல்யாண வீட்டாரையும் தேடிப் பிடிக்க வேண்டியிருக்கும்.