புது பிளாட்டி மீன்கள் இன்னும் கவரில்தான் இருக்கின்றன, தொட்டியில் விடலாமா?

வேளச்சேரி வாசி:
இன்று சாயங்காலம் கொளத்தூரில் நாலு பிளாட்டி வாங்கி வந்தேன். வீட்டில் இரண்டடித் தொட்டி, கப்பியும் மோலியும் இருக்கின்றன. போன தடவை கடைக்காரர் சொன்னபடி கவரை அரை மணி நேரம் மிதக்கவிட்டுத்தான் மோலிகளை விட்டேன், அப்படியும் ஒரே வாரத்தில் பழைய கப்பிகளின் வாலிலும் துடுப்பிலும் உப்பு தூவிய மாதிரி வெள்ளைப் புள்ளி வந்து பாதி செத்துப்போயின. இந்த முறை அப்படி ஆகக் கூடாது. சீக்கிரம் சொல்லுங்கள்.

கப்பிப் பிரியன்:
கவரை மிதக்கவிடுவது இரண்டு தண்ணீரின் சூடும் சமமாவதற்கு மட்டும்தான், நோயை அது தடுக்காது. இன்று தொட்டியில் விடவே விடாதீர்கள். ஒரு பெரிய டப்பில் உங்கள் தொட்டித் தண்ணீரையே ஊற்றி, ஏர் பம்ப் போட்டு, அதில் விடுங்கள். மூன்று வாரமாவது தனியாக இருக்கட்டும். கவர் தண்ணீரைச் சாக்கடையில் கொட்டிவிடுங்கள். வலை, கப் எல்லாம் டப்புக்குத் தனியாக வேண்டும், ஈர வலை ஒன்று போதும் நோய் அடுத்த தொட்டிக்குப் போக.

வேளச்சேரி வாசி:
சரி அண்ணா. ஆனால் புள்ளியே இல்லையே, பளிச்சென்றுதான் இருக்கின்றன. இப்போதே மருந்து ஊற்றிவிட்டால் ஆகாதா?

கப்பிப் பிரியன்:
புள்ளி தெரிவதற்கு முன்பே, அதை உண்டாக்கும் ஒட்டுண்ணி செவுளில் இருக்கலாம். அது மீனின் தோலுக்குள் இருக்கும்வரை மருந்து அதைத் தொடாது. முதிர்ந்து கீழே விழுந்து, பெருகி, அடுத்த மீனைத் தேடி நீந்தும்போதுதான் சாகும். அதனால் ஒருநாள் மருந்தால் பிரயோஜனம் இல்லை. புள்ளி வந்தால் டப்பிலேயே வைத்தியம் பார்க்கலாம், பெரிய தொட்டி தப்பிக்கும்.

தொட்டி ராணி:
அண்ணன் சொன்னதோடு ஒன்று: மீன் கழிவால் வரும் அம்மோனியா என்ற நச்சு டப்பில் சீக்கிரம் ஏறும். உங்கள் தொட்டி ஃபில்டரின் ஸ்பாஞ்சில் ஒரு துண்டு வெட்டி டப்பில் போடுங்கள், குழாய்த் தண்ணீரில் கழுவ வேண்டாம், குளோரின் பட்டால் அதிலுள்ள, அம்மோனியாவைக் குறைக்கும் நல்ல பாக்டீரியா செத்துவிடும். இன்றைக்குத் தீனி வேண்டாம். நாளையிலிருந்து கொஞ்சமாகப் போட்டு, ஒருநாள் விட்டு ஒருநாள் கால்வாசித் தண்ணீர் மாற்றுங்கள். லாரித் தண்ணீர் என்றால் ஆன்டி குளோரின் கலந்த பிறகுதான் ஊற்ற வேண்டும். டப்பை மூடி வையுங்கள், பிளாட்டி துள்ளும்.

வேளச்சேரி வாசி:
டப்பில் விட்டாச்சு, மூலையில் ஒதுங்கி நிற்கின்றன. மூன்று வாரம் கழித்து அந்த ஸ்பாஞ்சைத் திரும்பப் பெரிய தொட்டியில் போடலாமா?

தொட்டி ராணி:
முதல் நாள் ஒதுங்கத்தான் செய்யும், லைட்டை அணைத்துவிடுங்கள். மீனுக்கு எதுவும் வரவில்லை என்றால் ஸ்பாஞ்சைப் போடலாம். ஒரு புள்ளி பார்த்திருந்தாலும் தூக்கி எறிந்துவிடுங்கள்.