கோலமாவுக் கோடு: பார்க்கின்சனுக்கு ஓ.டி. (ஆக்குபேஷனல் தெரபி, அன்றாட வேலைகளைச் செய்யப் பழக்கும் சிகிச்சை) பார்த்தவர்கள் எழுதுங்கள்

மாடிவீட்டுக்காரி:
அப்பாவுக்குப் பார்க்கின்சன் வந்து ஆறு வருடம். சின்டோபா மாத்திரை, விழுவது, தூக்கம் கெடுவது எல்லாம் இங்கே எல்லோருக்கும் தெரிந்த கதைதான், விட்டுவிடுகிறேன். எனக்கு உறுத்துவது ஒரு நாள் காலையில் நடந்ததுதான். பூஜையறை நிலைப்படி முன்னால் அப்பா அப்படியே நின்றுவிட்டார். பாதம் தரையோடு ஒட்டிக்கொண்ட மாதிரி, உடம்பு மட்டும் முன்னால் சாய்கிறது. நான் வழக்கம்போல, "காலை எடுங்கப்பா, ஆபீசுக்கு நேரமாச்சு" என்று கத்திக்கொண்டே கையைப் பிடித்து இழுத்தேன். அன்றுதான் முதல்முறையாக வீட்டுக்கு வந்திருந்த ஓ.டி. பெண், "அக்கா, முதல்ல கையை விடுங்க" என்றாள். தன் காலை அப்பாவின் பாதத்துக்கு முன்னால் குறுக்கே வைத்து, "ஐயா, இதைத் தாண்டி வைங்க" என்றாள். பெண்பிள்ளை காலைத் தாண்டுவதா என்று அப்பா தயங்கினார். அம்மா சட்டென்று கோலமாவு எடுத்துக் குறுக்கே ஒரு கோடு இழுத்தாள். அப்பா தாண்டினார். அடுத்த அடியும் வைத்தார்.

தானாக நடக்கிற நடைதான் மூளையில் சிக்கிக்கொள்கிறதாம். கண்ணுக்கு ஒரு கோடு காட்டி, இதைத் தாண்டு என்று நினைக்க வைத்தால் வேறு வழியாக வேலை நடக்கிறதாம். அவசரப்படுத்தினால் கால் இன்னும் இறுகுமாம். நான் ஒன்றரை வருடம் அவசரப்படுத்தியிருக்கிறேன். ராத்திரி அப்பா சொன்னார்: "நீ இழுக்கிறப்பல்லாம் விழுந்துடுவேன்னு பயமா இருக்கும்மா. சொன்னா கோவிச்சுக்குவே."

ஓய்வுபெற்ற வாத்தியார்:
நானே நோயாளி, வயது 68. என் பிரச்சினை கையெழுத்து. ஆரம்பிக்கும்போது சரியாக இருக்கும், வரி முடிவதற்குள் எறும்பு ஊர்ந்த மாதிரி சுருங்கிவிடும். வங்கியில் கையெழுத்து ஒத்துப்போகவில்லை என்று காசோலையைத் திருப்பிக் கொடுத்தார்கள். ஓ.டி. தம்பி இரட்டைக் கோடு நோட்டு வாங்கச் சொன்னார். எழுத்து மேல்கோட்டையும் கீழ்கோட்டையும் தொட வேண்டும், மாத்திரை நன்றாக வேலை செய்கிற நேரத்தில் எழுத வேண்டும், எழுதும்போது பேசக்கூடாது. இரண்டு வாரத்தில் என் பெயர் பழைய அளவுக்கு வந்தது. கோடு இல்லாத தாளில் இன்னும் தகராறுதான்.

அதுவல்ல உறுத்துவது. கடையில் பையன், "பேரனுக்கா சார்?" என்றான். என்னிடம் படித்தவன். ஆமாம் என்றேன்.

நேர்கோடு:
மன்னிக்கவும், கொஞ்சம் கசப்பாகச் சொல்கிறேன். எங்கள் அண்ணனுக்கு ஓ.டி. வந்தார், பட்டன் போடும் கொக்கி, கனமான ஸ்பூன் எல்லாம் வாங்க வைத்தார். எல்லாம் பரணில் கிடக்கிறது. பிரிட்டனில் 762 பேரை வைத்துப் பார்த்த ஆய்வு 2016-ல் வெளிவந்தது. நோய் லேசாகவும் நடுத்தரமாகவும் இருந்தவர்களுக்குப் பிசியோவும் ஓ.டி.யும் சேர்த்துக் கொடுத்தும் அன்றாட வேலைகளில் சொல்லும்படியான பலன் இல்லை.

கொசுவம்:
நேர்கோடு, 2014-ல் வந்த நெதர்லாந்து ஆய்வையும் படியுங்கள். 191 பேர். ஓ.டி. குழுவில் இருந்தவர்களுக்கு வீட்டுக்கே போய்ப் பத்து வாரம், எந்த வேலை சிரமம் என்று நோயாளியையே சொல்லச் சொல்லி, அதையே பிடித்துச் செய்தார்கள். தங்களால் முன்பைவிட நன்றாகச் செய்ய முடிகிறது என்று அவர்களே சொன்னார்கள். யாருக்கு, எந்தக் கட்டத்தில், எதற்காக என்பதெல்லாம் இருக்கிறது. உங்கள் அண்ணனிடம் என்ன வேண்டும் என்று யாராவது கேட்டார்களா?

எங்கள் அம்மாவிடம் முதலில் வந்தவர் கேட்கவில்லை. "நைட்டி போட்டுக்கங்க, வசதி" என்று சொல்லிவிட்டுப் போனார். நாலு மாதம் அம்மா எந்த விசேஷத்துக்கும் வரவில்லை. அடுத்து வந்தவர், "எதைச் செய்ய முடியலைன்னு ரொம்ப வருத்தம்?" என்றார். சேலை கட்ட, என்றாள் அம்மா. டெய்லரிடம் கொடுத்துக் கொசுவத்தை மடித்துத் தைத்து, இடுப்பில் வெல்க்ரோ வைத்தோம். ரவிக்கைக்கும் கொக்கிக்குப் பதில் அதுவேதான். கட்டிலில் உட்கார்ந்தபடியே கட்டிக்கொள்கிறாள். முதல் நாள் கண்ணாடி முன்னால் கொசுவத்தைத் தடவிப் பார்த்தாள். கை நடுங்கிக்கொண்டுதான் இருந்தது, கொசுவம் கலையவில்லை.

ஊர்க்குருவி:
மாமாவுக்கு ஓ.டி. ஒரே ஒருமுறை வந்தார். பாத்ரூமில் துண்டு மாட்டுகிற கம்பியைப் பிடித்துத்தான் மாமா எழுந்திருப்பார். அதை அவர் லேசாக ஆட்டினார், கையோடு வந்துவிட்டது. அவ்வளவுதான் என் கதை.

எல்லோருக்கும் சில விஷயம் சொல்கிறேன். சுவரில் ஆழமாகத் துளை போட்டுக் கைப்பிடிக் கம்பி வையுங்கள். மிதியடி, சாக்கு எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள். நின்ற இடத்திலேயே சட்டென்று திரும்பாமல், பெரிய அரைவட்டமாக நடந்து திரும்பச் சொல்லுங்கள். காபி டம்ளரோடு நடக்கும்போது பேச்சுக் கொடுக்காதீர்கள். எழுந்ததும் தலை சுற்றினால் கட்டில் ஓரத்தில் கொஞ்ச நேரம் உட்காரட்டும். பருப்பு, முட்டை போன்ற புரதம் நிறைந்த சாப்பாட்டோடு மாத்திரை போட்டால் சிலருக்கு மாத்திரை சரியாக ஏறாது, அரைமணி முன்னால் போடலாமா என்று டாக்டரிடம் கேளுங்கள். அப்புறம் பூனைக்காலி விதைப் பொடி. நம் நாட்டு மருந்து, பக்கவிளைவே கிடையாது. தினம் ஒரு ஸ்பூன் பாலில்...

ஓய்வுபெற்ற வாத்தியார்:
குருவி, அங்கேயே நிறுத்துங்கள். பூனைக்காலியில் இருப்பதே லெவோடோபாதான், சின்டோபாவில் இருக்கிற அதே சரக்கு. டாக்டரிடம் சொல்லாமல் ஒரு மாதம் சாப்பிட்டேன். உடம்பு தானாக நெளிய ஆரம்பித்தது. எவ்வளவு சரக்கு உள்ளே போகிறது என்று தெரியாமல் டாக்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். கம்பி விஷயம் சரி. பால் விஷயம் வேண்டாம்.

நேர்கோடு:
கொசுவம், கேட்கவில்லை. அண்ணனிடம் இன்று கேட்டேன். சட்டை பட்டன் இல்லையாம். சீட்டு விளையாட வேண்டுமாம். கையில் விசிறி மாதிரி பிடிக்க முடியவில்லை, அதனால்தான் நண்பர்களை வர வேண்டாம் என்று சொல்லிவிட்டாராம். எனக்கு இவ்வளவு நாள் தெரியாது.

கொசுவம்:
பழைய மரக்கட்டையில் நீளமாக ஒரு பள்ளம் வெட்டச் சொல்லுங்கள். சீட்டு அதில் நிற்கும்.

மாடிவீட்டுக்காரி:
இப்போது நிலைப்படி முன்னால் மஞ்சள் டேப், ஓர் அடிக்கு ஒன்றாக நாலு துண்டு. டேப் இருந்தும் அம்மா காலையில் கோலமாவுக் கோட்டையும் விடுவதில்லை. லிஃப்ட் வாசலில்தான் அப்பா இன்னும் அப்படியே நின்றுவிடுகிறார், அங்கே டேப் ஒட்ட அசோசியேஷன் விடவில்லை. வாத்தியார் சார், அந்த நோட்டு அப்பாவுக்கும் வேண்டுமாம்.

ஓய்வுபெற்ற வாத்தியார்:
எந்த ஸ்டேஷனரி கடையிலும் கிடைக்கும்மா. யாருக்கு என்று கேட்டால் தனக்குத்தான் என்று சொல்லச் சொல்லுங்கள். நான் இரண்டாவது நோட்டையும் பேரனுக்கு என்றுதான் வாங்கினேன்.