உதவி: கற்பனை உலக நாட்காட்டி – அறுவடைத் திருவிழா நாற்று நடும் காலத்துக்குப் போய்விடுகிறது!

உப்பளத்தான்:
வணக்கம் மக்களே. ஒரு தொடர்கதை எழுதிக்கிட்டிருக்கேன். நாடு, மன்னர், பஞ்சாங்கம் எல்லாம் சொந்தச் சரக்கு. கணக்கு இதுதான்: ஒரு வருடம் 391.4 நாள். பெரிய நிலா பாலொளி, சுற்று 27.2 நாள். சின்ன நிலா செம்பி, 40.8 நாள். பாலொளியை வைத்து வருடத்துக்கு 14 மாதம். இளவரசன் பிறந்ததிலிருந்து 18 வயதில் பட்டம் கட்டுவது வரை கதை.

சிக்கல் ரெண்டு. பத்தாம் மாதப் பௌர்ணமியில் அறுவடைத் திருவிழா வைத்தேன். வருடா வருடம் நகர்ந்து, பட்டாபிஷேக வருடத்தில் அது நாற்று நடும் நேரத்தில் வந்து நிற்குது. ரெண்டாவது, இரட்டைப் பௌர்ணமி (ரெண்டு நிலாவும் ஒரே இரவில் முழுசாவது) 12 வருடத்துக்கு ஒருமுறைதான் வரும் என்று முதல் அத்தியாயத்திலேயே குறி சொல்லும் கிழவி சொல்லிட்டா. அட்டவணை போட்டால் மூன்று மாதத்துக்கு ஒருமுறை வருது. எங்கே கோளாறு?

ஓலைச்சுவடி:
முதலில் ஒரு கேள்வி. 27.2 என்பது பௌர்ணமிக்குப் பௌர்ணமியா, இல்லை நிலா ஒரு நட்சத்திரத்தை விட்டு அதே நட்சத்திரத்துக்குத் திரும்பும் காலமா? நம்ம நிலாவுக்கே முதலாவது 29.53, இரண்டாவது 27.32. மாதம் கட்ட முதலாவதுதான் வேண்டும்.

உப்பளத்தான்:
ரெண்டு நிலாவுக்கும் பௌர்ணமிக்குப் பௌர்ணமிதான்.

ஓலைச்சுவடி:
அப்போ சரி. 14 × 27.2 = 380.8. வருடத்துக்கு 10.6 நாள் துண்டு விழுது. 18 வருடத்தில் 190.8 நாள், கிட்டத்தட்ட அரை வருடம். ரம்ஜான் வருடத்துக்குச் சுமார் 11 நாள் முன்னால் வந்து, 33 வருடத்தில் ஒரு சுற்று சுற்றி வருவதும் இதே கணக்கில்தான். அங்கே அது கோளாறு அல்ல, அந்த நாட்காட்டி நிலாவை மட்டும் பின்பற்றுவது. உங்களுக்குப் பயிர்ப் பருவமும் ஒத்துப்போகணும் என்பதால் அதிக மாதம், அதாவது சில வருடங்களில் கூடுதலாக ஒரு மாதம், சேர்க்கத்தான் வேண்டும்.

எத்தனை? 18 வருடம் = 7045.2 நாள். 259 மாதம் = 7044.8 நாள். வித்தியாசம் 0.4 நாள்! அதாவது 18 வருடத்தில் 7 அதிக மாதம். கிரேக்க வானியலாளர் மெட்டனின் 19 வருடம், 7 அதிக மாதக் கணக்குக்குத் தம்பி மாதிரி இருக்கு. நீங்க தெரிந்து வைத்தீர்களோ இல்லையோ, இளவரசன் பிறந்த அதே பருவத்தில், அதே பௌர்ணமியில் 18ஆம் வயது நிறைகிறது. இதைக் கதையில் விட்டுடாதீங்க.

மார்கழிப்பனி:
மாதத்துக்கு எத்தனை நாள் என்று குழம்ப வேண்டாம். நாலு மாதம் 27, ஐந்தாவது 28. ஐந்தும் சேர்ந்து 136, அதாவது சரியாக 5 × 27.2. நம்ம ஊரிலேயே மார்கழி பெரும்பாலும் 29, ஆனி பெரும்பாலும் 32 நாள். மாதங்கள் சமமாக இல்லை என்று எந்த வாசகரும் சண்டைக்கு வரமாட்டார்.

அதைவிட எனக்கு மூன்றாம் அத்தியாயம்தான் உறுத்துது. இரட்டைப் பௌர்ணமி நள்ளிரவில் கோட்டைக்குள் திருடன் குதிக்கிறான். "கிழக்கே பாலொளி உதிக்க, மேற்கே செம்பி சாய்ந்தது" என்று எழுதியிருக்கீங்க. பௌர்ணமி நிலா சூரியனுக்கு நேர் எதிரே இருப்பது. அந்தி சாயும்போது உதித்து, நள்ளிரவில் உச்சிக்கு வரும். ரெண்டுமே முழு நிலா என்றால் ரெண்டும் வானத்தின் ஒரே பக்கம்தான், பக்கத்துப் பக்கத்தில். நள்ளிரவில் உதிப்பது தேய்பிறை அஷ்டமி நிலா. ரெண்டின் பாதைகளும் ஒட்டி அமைந்தால் நமக்குக் கிட்டத்தில் இருக்கும் பாலொளி செம்பியை மறைக்கவும் செய்யும். திருடனுக்கு அதைவிட நல்ல நேரம் உண்டா!

உப்பளத்தான்:
மறைப்பை எடுத்துக்கிட்டேன். இரட்டைப் பௌர்ணமிக்கு என்ன வழி?

ஓலைச்சுவடி:
40.8இல்தான் வில்லங்கம். 27.2 × 3 = 40.8 × 2 = 81.6. ஒருமுறை சேர்ந்தால் 81.6 நாளுக்கு ஒருமுறை சேர்ந்துகிட்டே இருக்கும். செம்பியை 41.0 ஆக்குங்க. இப்போ துல்லியமாகச் சேர 5576 நாள் ஆகும், அதாவது பதினாலேகால் வருடம். 12ஐ விட்டுடுங்க, கிழவி வாயில் 14 என்று மாற்றுவது சுலபம்.

ஆனால் ஒரு கொக்கி. நிஜச் சேர்க்கைக்கு 82 நாள் முன்னும் பின்னும் 0.4 நாள் இடைவெளியில் ஒவ்வொன்று வரும். நடுவில், ஏழு வருடத்தை ஒட்டி, 0.2 நாள் இடைவெளியில் ரெண்டு வரும். கண்ணால் பார்த்தால் இவையும் இரட்டைப் பௌர்ணமிதான், கணக்கு போட்டால்தான் வித்தியாசம்.

மார்கழிப்பனி:
இதைச் சரி செய்யவே செய்யாதீங்க! கோயில் கணிதர்கள் ரெண்டு கட்சியாகப் பிரியட்டும். திருக்கணிதப் பஞ்சாங்கம் 2025 மார்ச்சில் சனிப்பெயர்ச்சி என்றது; வாக்கியப் பஞ்சாங்கத்தைப் பின்பற்றும் திருநள்ளாறு கோயில் 2026இல்தான் என்றது. பஞ்சாங்கச் சண்டைக்கு நாம் எங்கேயும் தேடிப் போக வேண்டியதில்லை.

ஓலைச்சுவடி:
பட்டம் கட்டும் முன் இதையும் பாருங்க. பட்டாபிஷேகத்தை 18ஆம் வருட நிஜச் சேர்க்கையில் வைத்தால், முந்தைய நிஜச் சேர்க்கை இளவரசனின் மூன்றேமுக்கால் வயதில் வந்திருக்கும். பதினோரு வயதை ஒட்டி அந்த ரெண்டு போலிகள். இரட்டைப் பௌர்ணமியில்தான் பட்டம் கட்டுவது என்றால், அவனுடைய மூன்றேமுக்கால் வயதில் யாருக்குப் பட்டம் கட்டினார்கள்?

உப்பளத்தான்:
அவன் சித்தப்பாவுக்கு. பதினோரு வயதில் அந்த ஆள் தன் மகனுக்குக் கட்டப் பார்க்கிறான், போலி என்று ஒரு கணிதர் கிளம்புகிறார். எட்டாம் அத்தியாயத்திலிருந்து அட்டவணையைத் திரும்பப் போடுறேன். ஏழு அதிக மாதத்தையும் எந்தெந்த வருடத்தில் வைப்பது?

ஓலைச்சுவடி:
துண்டைச் சேர்த்துக்கிட்டே வாங்க. வருடத்துக்கு 10.6; கூட்டினது 27.2ஐத் தாண்டும் வருடத்தில் ஒரு மாதம் போட்டு, 27.2ஐக் கழிச்சுடுங்க. 3, 6, 8, 11, 13, 16 என்று வரும். 18ஆம் வருடக் கடைசியில் 27.6, அதுவும் தாண்டிடுச்சு. ஏழும் ஆச்சு.