மறுமொழி: அவைலபிள் லைட்டுக்கு ‘இருப்பொளி’

அன்புள்ள நண்பர்களுக்கு வணக்கம்.

ஒளிப்பதிவில் ‘அவைலபிள் லைட்’ (available light) என்பதற்குத் தமிழில் ‘இயற்கை ஒளி’ என்ற சொல்லே போதும் என்று கோத்தகிரி அண்ணன் எழுதியிருந்தார். எனக்கு உடன்பாடில்லை. இயற்கை ஒளி என்றால் சூரியனும் வானமும்தான். தொழிலில் நாம் அவைலபிள் லைட் என்பது, படமெடுக்கப் போகும் இடத்தில் ஏற்கெனவே இருக்கிற வெளிச்சம் முழுவதையும். டியூப்லைட், தெருவிளக்கு, அடுப்புத் தீ எல்லாம் அதில் அடக்கம்.

குன்னூர்ப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயன் வீட்டில் (தொழிலாளர்களின் வரிசை வீடு) பாட்டி ஒருவரைப் படமெடுக்கப் போகிறோம் என்று வையுங்கள். வெளியே பனிமூட்டம். வாசல் வழியாக லேசாக நீலம் பாய்ந்த வெளிச்சம் வருகிறது. பனி அதைச் சிதறடித்துவிடுவதால் மூக்கின் நிழலுக்குக்கூட ஓரம் தெரியாது. மறு கன்னத்தில் விறகடுப்பின் செம்மஞ்சள். இரண்டையும் பார்த்துத்தான் அபர்ச்சரை, அதாவது லென்ஸில் ஒளி நுழையும் துவாரத்தின் அளவை, வைப்போம். இதற்கு இயற்கை ஒளி என்று பெயரிட்டால் அடுப்பை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

ஒளிப்பதிவாளரும் இயக்குநருமான பாலு மகேந்திராவின் பாணியை எல்லோரும் ‘இயற்கை ஒளி’ என்றே எழுதிப் பழகியதால் வந்த குழப்பம் இது என்று நினைக்கிறேன். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர், நம் கேத்தியிலும் ஊட்டியிலும் ‘மூன்றாம் பிறை’ (1982) எடுத்தவர். அதன் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் வாங்கினார். அவர் சட்டகத்தில் முகத்தில் விழும் வெளிச்சம் எந்த ஜன்னலிலிருந்து வருகிறது என்று பெரும்பாலும் கை காட்டிவிடலாம். என்னைப் பொறுத்தவரை அவருடைய பாணியே அதுதான். வெளிச்சத்துக்கு அந்த இடத்திலேயே ஒரு காரணம் இருக்க வேண்டும். அது வெயிலாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை.

அதனால் ‘இருப்பொளி’ என்று முன்மொழிகிறேன். கையிருப்பில் வரும் அதே இருப்பு. ‘கிடைக்கும் ஒளி’ என்பதும் பொருளில் சரிதான், ஆனால் அதோடு ஒளிப்பதிவைச் சேர்த்தால் ‘கிடைக்கும் ஒளி ஒளிப்பதிவு’ என்று நாக்கு தடுக்கும். இதுவோ ‘இருப்பொளிப்பதிவு’ என்று தானாகவே ஒட்டிக்கொள்கிறது.

அப்புறம் தெர்மக்கோல் விஷயம். வாசல் வெளிச்சத்தைத் தெர்மக்கோல் பிடித்துத் திருப்பினால் அது இருப்பொளியா என்று நண்பர்களில் ஒரு அக்கா கேட்டிருந்தார். ஆம் என்பேன். மூலம் மாறவில்லை, திசைதான் மாறியது. நாமே ஒரு விளக்கைக் கொண்டுபோய்ப் போட்டால்தான் அது ‘சேர்ப்பொளி’. இந்த இரண்டாவது சொல்லில் எனக்கு முழுத் திருப்தி இல்லை. இதைவிட நல்லது தோன்றினால் எழுதுங்கள்.